நூற்றுக்கு எழுபத்திரண்டு

மோட்டார் நின்றுவிட்டது.

கரண்ட் போய்விட்டது என்று மூளைக்கு எட்டுவதற்குள் டாக்டர் ஜலஜாவின் கை நீண்டு கண்ணாடிக் குடுவையைப் பிடித்துவிட்டது. உள்ளே ஒரு சிசி ரத்தம். அதற்கடியில் பாதரசம். மூன்று நிமிடம் விடாமல் குலுக்கினால்தான் ரத்தத்திலிருக்கும் ஆக்சிஜன் மொத்தமும் வெளியே வரும். ஒரு நிமிடத்தை மோட்டார் முடித்திருந்தது. மீதி இரண்டு நிமிடம் அவள் பாடு.

குலுக்கினாள். உதடு மட்டும் எண்ணிக்கொண்டிருந்தது.

"இன்னாம்மா, மோர் கடையறாப்பல ஆட்டிக்கினு கீறே!" வாசலில் ஐஸ் வாளியுடன் நின்ற ஆயா கன்னியம்மாவுக்குச் சிரிப்பு.

"பேசாதே. எண்ணிக்கை தப்பிடும்."

"அந்த சேலைக்கடைக்காரு பொழைச்சுக்குவாரா?"

"அதைத்தான் பார்த்துண்டிருக்கேன். போ!"

நூற்றிருபது. நிறுத்தினாள். பாதரச மட்டத்தைப் படித்தாள். பென்சிலால் கணக்குப் போட்டாள். நம்பாமல் இன்னொரு தரம் போட்டாள்.

எழுபத்தொன்று.

மாடியில் எட்டாம் நம்பர் அறையில் சண்முகவேல் கிடந்தார். பாண்டி பஜாரில் பட்டுக் கடை. நாற்பத்துநாலு வயது. மூன்று நாள் வயிற்று வலியை வாயு என்று நினைத்து சோடா குடித்தே ஓட்டிவிட்டு, நேற்று சாயங்காலம் குடல்வாலில் சீழ்க்கட்டியும் கொதிக்கிற காய்ச்சலுமாக இந்த ஆழ்வார்பேட்டை நர்சிங் ஹோமுக்கு வந்து சேர்ந்தார். இன்று காலை ரத்த அழுத்தம் சரசரவென்று இறங்கிற்று. சீழின் விஷம் ரத்தத்தில் ஏறிவிட்டது. கேஸ் ஷீட்டில் சிவப்பு மையில் 'செப்டிக் ஷாக்'.

எட்டு மணிக்கு ஜலஜாவே அவருடைய முழங்கை மடிப்பில் ஊசி குத்தி, மெல்லிய பாலித்தீன் குழாய் ஒன்றை இதயத்தின் வாசல்வரை தள்ளி வைத்தாள். உடம்பு முழுக்கச் சுற்றி ஆக்சிஜனைக் கொடுத்துவிட்டுத் திரும்பும் ரத்தம் அங்கேதான் வந்து சேரும். அதில் எவ்வளவு மிச்சம்? நூற்றுக்கு எழுபது மிச்சம் இருந்தால் உடம்புக்குப் போதுமான அளவு கிடைக்கிறது. ஐம்பதுக்குக் கீழே போனால் உடம்பு பட்டினி. வந்ததையெல்லாம் வழித்து எடுத்துக்கொள்கிறது என்று அர்த்தம்.

நர்சிங் ஹோம் முதலாளியும் சர்ஜனுமான டாக்டர் பத்ரிநாராயணன் காலையிலேயே சொல்லிவிட்டார்: "ஐம்பதுக்குக் கீழே போச்சுன்னா வயித்தைத் திறந்து சீழை எடுத்துடறேன். அது வரைக்கும் மருந்து, சலைன். இந்த நிலைமையில மயக்க மருந்து குடுக்கறதே கண்டம்."

எட்டு மணிக்கு ஐம்பத்தாறு. பத்து மணிக்கு எழுபத்திரண்டு. பன்னிரண்டுக்கும் எழுபத்திரண்டு. இப்போது, இரண்டு மணிக்கு, எழுபத்தொன்று.

சீட்டைக் கிழித்துக்கொண்டு மாடிக்கு ஓடினாள்.

படித் திருப்பத்தில் சண்முகவேலின் மனைவி புஷ்பம் உட்கார்ந்திருந்தாள். காலையிலிருந்து அதே படி. பக்கத்தில் கொழுந்தன் தனபாலன் நின்றபடி சுவரை முறைத்துக்கொண்டிருந்தான்.

"டாக்டரம்மா, மெஷினு என்ன சொல்லுது?"

"எழுபத்தொண்ணு. நல்ல எண்தான்."

புஷ்பம் கையெடுத்துக் கும்பிட்டாள். மெஷினைக் கும்பிட்டாளா, ஜலஜாவையா என்று தெரியவில்லை.

"எண்ணு நல்லாத்தான் இருக்கு," என்றான் தனபாலன். "எங்க அண்ணன்தான் நல்லா இல்லை. மயினி, பெரியாஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போவோம்னு பன்னெண்டு மணிக்கே சொன்னேன். இந்தம்மாதான் வேண்டாம், அசைக்கக் கூடாதுன்னாக."

"சும்மா இருங்க தம்பி. படிச்சவுக சொல்லுதாக."

ஜலஜா மேலே போனாள். அவன் சொன்னது பொய்யில்லை. பன்னிரண்டு மணிக்கு அந்தப் படியில் நின்று, எழுபத்திரண்டு என்கிற எண்ணை நம்பி, தன் வாயால் அவள்தான் வேண்டாம் என்றாள்.

எட்டாம் நம்பர் அறையில் சிஸ்டர் சரோஜாதேவி சலைன் பாட்டிலை மாற்றிக்கொண்டிருந்தாள். நான்காவது பாட்டில். கட்டிலில் இருந்த மனிதரைப் பார்த்ததும் ஜலஜாவின் கையிலிருந்த சீட்டு கனத்தது. முட்டிக்கு மேலே தோலில் கருநீலத் திட்டுகள். நாடி நூற்று நாற்பது. மூத்திரப் பையில் காலையில் பார்த்த அதே இரண்டு விரற்கடை. கூப்பிட்டால் கண்ணைத் திறக்கிறார், யார் என்று தெரியாமல் மூடிக்கொள்கிறார்.

"சரோ, பிரஷர் என்ன?"

"எழுபது. மேல கேட்கலை டாக்டர்."

இந்த நர்சிங் ஹோமில் ஜலஜாவுக்குத் தோழி என்று யாராவது உண்டென்றால் அது சரோஜாதேவிதான். மத்தியானம் இருவரும் டப்பாவை மாற்றிக்கொள்வார்கள். சரோவின் எலுமிச்சம் சாதம் இங்கே, ஜலஜாவின் மோர்க்குழம்பு அங்கே. இரண்டு மணிக்கொரு தரம் குழாயிலிருந்து ரத்தம் எடுத்து, காற்று புகாமல் அடைத்து, ஐஸில் புதைத்துக் கீழே அனுப்புகிற வேலையை வேறு எந்த நர்சிடமும் ஜலஜா விட்டதில்லை.

"என்னம்மா, எத்தனை?" பின்னாலிருந்து குரல். டாக்டர் பத்ரிநாராயணன். நெற்றியில் மெல்லிய கீற்று, மடிப்புக் கலையாத வெள்ளைக் கோட்டு.

"எழுபத்தொண்ணு, சார். ஆனா..."

"பேஷ்! பின்னே என்ன ஆனா?"

"எண் நன்னா இருக்கு. ஆள் நன்னா இல்லையே, சார். காலைப் பாருங்கோ, திட்டுத்திட்டா இருக்கு. யூரினே இல்லை. விஷம் ஏறின உடம்புல சில பேருக்கு இப்படி ஆகும். ஆக்சிஜன் வாசல்ல வந்து நிக்கும், எடுத்துக்க உடம்புக்குத் தெம்பு இருக்காது. அதனால மிச்சம் அதிகமாத் தெரியும். நானே பார்த்திருக்கேன்."

"தெம்பு இல்லேன்னு நீ நினைக்கறே. தெம்பு வந்துடுத்துன்னு நான் நினைக்கறேன். எண் ஒண்ணுதான்." அவர் சிரித்தார். "ஊர்ல இருக்கிற பெரிய மனுஷா எல்லாரும் உன் மெஷினைப் பார்த்து, கைநாடி பிடிக்கத் தெரியாதவாளோட பொம்மைன்னு சொன்னா. நான் சொல்லலை. இப்போ நீயே அதை நம்ப மாட்டேங்கறியே, ஜலஜா!"

அதுவும் பொய்யில்லை. மூன்று ஆஸ்பத்திரிகளில் அவள் கேட்டு, மூன்றிலும் இடம் கொடுக்கவில்லை. பம்பாயில் யாரோ கழித்துப் போட்ட இந்த மெஷினை லாரியில் வரவழைத்து, தன்னுடைய கார் ஷெட்டைக் காலி செய்து, 'இது உன் லேபரட்டரி' என்று சாவியைக் கொடுத்தவர் இவர். இந்தப் பட்டணத்தில் அவளுடைய எண்ணை நம்பிய ஒரே சர்ஜன்.

"ஆறு மணி வரைக்கும் பார்ப்போம்," என்று சொல்லிவிட்டு அவர் போனார்.

ஜலஜா கீழே வந்தாள். கரண்ட் வந்திருந்தது. நோட்டுப் புத்தகத்தைப் பிரித்து நாலு எண்களையும் வரிசையாகப் பார்த்தாள். அவற்றில் ஒன்றும் தப்பில்லை. பக்கத்து வரிசைக்குக் கண் போயிற்று.

ஒவ்வொரு முறையும் அவள் இரண்டு அளவு எடுப்பாள். ரத்தத்தில் இப்போது எவ்வளவு ஆக்சிஜன் இருக்கிறது என்பது ஒன்று. அந்த ரத்தம் மொத்தமாக எவ்வளவு பிடிக்கும் என்பது இன்னொன்று. முதலாவதை இரண்டாவதால் வகுத்தால்தான் அந்த நூற்றுக்கு இத்தனை. இரண்டாவது அளவை யாரும் கேட்பதில்லை. அவளும் வகுத்துவிட்டு மறந்துவிடுவாள்.

எட்டு மணிக்குச் சண்முகவேலின் ரத்தம் பிடித்தது பதினாறு புள்ளி இரண்டு. பத்து மணிக்குப் பதின்மூன்று புள்ளி நாலு. சலைன் ஏறுகிறது, ரத்தம் தண்ணீராகியிருக்கிறது என்று அப்போது சமாதானம் சொல்லிக்கொண்டாள். சரி. அதற்கப்புறமும்தான் இரண்டு பாட்டில் ஏறியிருக்கிறதே? இன்னும் இறங்கியிருக்க வேண்டாமா?

பன்னிரண்டு மணிக்குப் பதின்மூன்று புள்ளி நாலு. இரண்டு மணிக்குப் பதின்மூன்று புள்ளி ஐந்து.

தண்ணீர் ஊற்ற ஊற்ற ரசம் நீர்த்துக்கொண்டே போக வேண்டும். இந்த ரசம் நீர்க்கவில்லை. இது வேறு பாத்திரம்.

ஐஸ் வாளியில் கை விட்டாள். இரண்டு மணி சிரிஞ்சில் இன்னும் ஒரு சொட்டு இரண்டு சொட்டு மிச்சமிருந்தது. அலமாரியிலிருந்து வெள்ளைப் பீங்கான் ஓட்டை எடுத்து வைத்தாள். குளிர்பெட்டியிலிருந்து ரத்தப் பிரிவு பார்க்கிற இரண்டு குப்பிகள். ஓட்டில் இடப்பக்கம் 'ஏ' பார்க்கிற துளி, வலப்பக்கம் 'பி' பார்க்கிற துளி. இரண்டிலும் ரத்தத்தைக் கலந்து ஓட்டை மெல்ல ஆட்டினாள்.

சண்முகவேல் 'பி' பிரிவு. நேற்று இதே ஓட்டில் அவளே பார்த்து எழுதியது. வலப்பக்கம் திரிந்துபோக வேண்டும்.

வலப்பக்கம் அப்படியே நின்றது. இடப்பக்கம் பால் திரிகிற மாதிரி சிவப்புத் துகள்களாக உடைந்தது.

'ஏ' பிரிவு.

இது சண்முகவேலின் ரத்தமே இல்லை.

பத்து மணியிலிருந்து யாரோ ஒரு ஆரோக்கியமான ஆளின் ரத்தம் வந்துகொண்டிருக்கிறது. அதைக் குலுக்கி, அளந்து, வகுத்து, நல்ல எண் என்று மாடிப்படியில் அவள் கூவிக்கொண்டிருந்திருக்கிறாள். நிஜமான மனிதர் மேலே நாலு மணி நேரமாகச் செத்துக்கொண்டிருக்கிறார்.

குழாயில் கை வைக்கிற ஆள் ஒருத்திதான்.

மறுபடி மாடி. எட்டாம் நம்பர் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள்.

"சரோ, கையை நீட்டு."

"என்ன டாக்டர்?"

"இடது கையை நீட்டுன்னு சொன்னேன்."

சரோஜாதேவி நீட்டவில்லை. மருந்துத் தட்டை மார்போடு அணைத்துக்கொண்டாள். ஜலஜா தட்டைப் பிடுங்கினாள். முழங்கை மடிப்பில் சின்னப் பஞ்சு, அதன் மேல் பிளாஸ்திரி. இழுத்துப் பிரித்தாள். மூன்று ஊசிக் குத்துகள். ஒன்றில் இன்னும் ஈரம்.

"உன் பிரிவு 'ஏ'. போன வருஷம் நான்தான் பார்த்தேன்."

சரோஜாதேவியின் உதடு கோணிற்று. "அந்தம்மா அழுதாங்க டாக்டர். சும்மா சும்மா ரத்தத்தை உறிஞ்சறீங்களே, ஏற்கெனவே கிடக்கிற உடம்பு தாங்குமான்னு காலைப் பிடிச்சாங்க. மனசு கேட்கலை."

"மனசு கேட்கலையா? மனசு கேட்கலைன்னு ஒரு ஆளைக் கொல்லுவியா? நீ படிச்ச நர்ஸ்தானே?"

சரோஜாதேவி சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஜலஜா புது சிரிஞ்சை எடுத்தாள். குழாயைத் திறந்து முதல் ஐந்து சிசியை இழுத்துக் கொட்டிவிட்டு, அடுத்ததை மெதுவாக இழுத்தாள். வந்ததை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். நாவல் பழத்தைக் கசக்கிய சாறு மாதிரி, ஊதாவும் கறுப்பும்.

இதற்கு எண் எதற்கு? ஆனால் எண் இல்லாமல் இந்தக் கட்டிடத்தில் யாரும் கத்தி எடுக்க மாட்டார்கள். அந்தப் பழக்கத்தை உண்டாக்கியவள் அவளேதான். கீழே ஓடினாள். மோட்டார் இந்தத் தடவை நிற்கவில்லை.

முப்பத்தெட்டு.

பத்ரிநாராயணன் தன் அறையில் காபி குடித்துக்கொண்டிருந்தார். ஜலஜா கதவைத் தட்டவில்லை.

"சார், முப்பத்தெட்டு! பத்து மணியிலேருந்து வந்த ரத்தம் எதுவுமே அவரோடது இல்லை. யாரோ மாத்தியிருக்கா. குரூப் பார்த்துட்டேன். இப்பவே தியேட்டருக்கு எடுத்துண்டு போகணும்."

அவர் டம்ளரை வைத்தார். இரண்டு கைகளையும் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டார்.

"உன் குரூப் டெஸ்ட் தப்பா இருக்கலாம்."

"தப்பில்லை, சார்."

"ரத்தத்தோட நிறத்தைப் பார்த்துப் பயந்துட்டே. மருந்து டோஸை ஏத்தறேன். ஆறு மணிக்கு ஸ்ரீரங்கனும் கும்பகோணத்துலேருந்து வந்துடுவான். அத்தங்கா பொண்ணு கல்யாணம்னு நேத்து ராத்திரி போனான். வந்ததும் பார்த்துக்கலாம்."

ஸ்ரீரங்கன் அவருடைய உதவி சர்ஜன். முப்பது வயது, பேசாத ஆள்.

"ஸ்ரீரங்கன் எதுக்கு, சார்? நீங்க இருக்கேளே! சிஸ்டர் இருக்கா, மயக்க மருந்து டாக்டர் மயிலாப்பூர்லதானே இருக்கார், போன் பண்ணினா பத்து நிமிஷம்! ஆறு மணிக்கு இவர் இருக்க மாட்டார்!"

"ஆறு மணின்னா ஆறு மணிதான்." குரல் உயர்ந்தது. "இது என் நர்சிங் ஹோம், ஜலஜா. கத்தி எப்போ எடுக்கணும்னு ஷெட்டுல உட்கார்ந்திண்டு பாதரசம் குலுக்கறவா எனக்குச் சொல்ல வேண்டாம்!"

ஜலஜாவின் முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது. எதிரிகள்கூட அவளிடம் இப்படிப் பேசியதில்லை.

நின்று அழ நேரமில்லை. படிக்கு வந்தாள்.

"தனபாலன், உங்க வண்டி இருக்கா?"

"கடை வேன் கீழதான் நிக்குது."

"சீட்டை எல்லாம் எடுங்கோ. படுக்க வைக்கணும். ராயப்பேட்டை ஆஸ்பத்திரிக்குப் போறோம்."

தனபாலன் வாயைத் திறந்தான். பன்னிரண்டு மணிக்கே சொன்னேனே என்று அவன் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. நாலு படியை ஒரே தாவலாகத் தாவினான்.

வேனுக்குள் பட்டுச்சேலை மூட்டைகள். இரண்டை நடைபாதையில் தூக்கி வீசினான். மூன்றாவதைப் பிரித்து விரித்து, அதன் மேல் அண்ணனைக் கிடத்தினார்கள். ஜலஜா சலைன் பாட்டிலைத் தலைக்கு மேல் பிடித்தபடி முட்டி போட்டு உட்கார்ந்தாள். நர்சிங் ஹோம் வாசலில் யாரும் தடுக்கவில்லை. மாடி ஜன்னல் திரை ஒன்று மட்டும் அசைந்தது.

மௌபரீஸ் ரோடு சந்திப்பில் ஒரு டபுள் டெக்கர் பஸ் குறுக்கே நின்றது. தனபாலன் ஹாரனில் வைத்த கையை எடுக்கவேயில்லை.

"யோவ், ஆறி அடங்கிப் போயேன்! கல்யாணத்துக்கா போறே?" என்றான் ஒரு ரிக்‌ஷாக்காரன்.

"கருமாதிக்குப் போயிரக் கூடாதுன்னு போறேன்! நவுரும்யா!"

ரிக்‌ஷாக்காரன் வேனுக்குள் எட்டிப் பார்த்தான். மறுகணம் இறங்கி, தோள் துண்டை ஆட்டி பஸ்ஸை அவனே பின்னால் போகச் சொன்னான். "போ நைனா, போ, போ!"

புஷ்பம் கணவனின் பாதத்தை இரண்டு கையாலும் தேய்த்துக்கொண்டிருந்தாள். ஐஸ் மாதிரி இருந்தது அது.

"ஏன்மா," என்றாள் ஜலஜா. கேட்காமல் இருக்க முடியவில்லை. "அடிக்கடி ரத்தம் எடுக்காதீங்கோன்னு சிஸ்டர்கிட்ட அழுதேளாமே?"

"நானா?" புஷ்பம் நிமிர்ந்தாள். "நான் ஏன் அப்படிச் சொல்லப்போறேன்? எடுக்க எடுக்க எண்ணு நல்லா வருதேன்னு, இன்னும் ஒருக்க எடுத்துப் பாருங்கன்னுல்லா கேட்டேன்!"

ஜலஜா சலைன் பாட்டிலை இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டாள்.

அழுத மனைவி இல்லை. இளகிய மனசும் இல்லை. சரோ பொய் சொல்லியிருக்கிறாள். கையும் களவுமாகப் பிடிபட்ட பிறகும், மூன்று குத்து வாங்கிய கையை நீட்டிக்கொண்டே, யாரையோ மறைக்கப் பொய் சொல்லியிருக்கிறாள்.

அப்போதுதான் இன்னொன்று உறைத்தது. யாரோ ரத்தத்தை மாற்றிவிட்டார்கள் என்று அவள் கத்தியபோது, பத்ரிநாராயணன் ஆயிரம் சொன்னார். யார் மாற்றினது என்று மட்டும் கேட்கவில்லை.

ராயப்பேட்டையில் டியூட்டி சர்ஜன் ஒரு இளைஞர். சட்டைக் கையைச் சுருட்டிக்கொண்டே வந்தார். வயிற்றில் கை வைத்தார். திட்டுகளைப் பார்த்தார். ஜலஜா எண்ணைச் சொல்ல வாயெடுத்தாள்.

"எண்ணெல்லாம் அப்புறம் மேடம். இது வயிறே சொல்லுதே. ஏன் இவ்வளவு நேரம் வெச்சிருந்தீங்க?"

ஸ்ட்ரெச்சர் போய்விட்டது.

ஒரு மணி நேரம். பிறகு இன்னும் கால் மணி. புஷ்பம் தரையில் உட்கார்ந்து கண்ணை மூடியிருந்தாள். தனபாலன் வராந்தாவில் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்தான்.

ஐந்து மணிக்குக் கதவு திறந்தது. "அரை லிட்டர் சீழ்," என்றார் டியூட்டி சர்ஜன். "பிரஷர் தொண்ணூத்தஞ்சுக்கு வந்திருக்கு. இன்னும் ஒரு மணி நேரம் போயிருந்தா நான் திறந்து பிரயோஜனம் இல்லை. இனிமே பொழைச்சுக்குவார்னுதான் நினைக்கறேன்."

புஷ்பம் எழுந்திருக்கவில்லை. அப்படியே குனிந்து நெற்றியைத் தரையில் வைத்தாள். தனபாலன் சுவர்ப் பக்கம் திரும்பி மூக்கைச் சிந்தினான்.

ஜலஜா உள்ளே போய், அவர் கையில் இன்னும் இருந்த குழாயிலிருந்து கொஞ்சம் இழுத்துப் பார்த்தாள். மெஷின் இங்கே இல்லை. வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தாள். கறுப்பு போயிருந்தது. அரக்குச் சிவப்பு. அவளுக்கு இன்றைக்கு அது போதும்.

வெளியே வந்தபோது வராந்தாவின் கோடியில் சரோஜாதேவி நின்றிருந்தாள். யூனிபாரத்தோடு. தலைத்தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தாள்.

"கேஸ் ஷீட்டை விட்டுட்டு வந்துட்டீங்க டாக்டர். இங்கே கேட்பாங்களேன்னு..."

ஜலஜா வாங்கிக்கொண்டாள்.

"அந்தம்மா அழலை, சரோ."

"தெரியும்."

"ரத்தத்தை மாத்தச் சொன்னது யார்?"

சரோஜாதேவி தொப்பியை மடித்தாள், பிரித்தாள். "பெரிய டாக்டர். எட்டு மணிக்கு நீங்க ஐம்பத்தாறுன்னு சொல்லிட்டுக் கீழ போனீங்களே, அப்போ கூப்பிட்டார். ஆறு மணி வரைக்கும் எண் இறங்கக் கூடாது சிஸ்டர்னார். என் வீட்டுக்காரர் டி.பி.ல கிடந்தப்ப ஒண்ணரை வருஷம் மருந்து குடுத்தவர், டாக்டர். மாட்டேன்னு வாய் வரலை."

"ஆறு மணிக்கு என்ன? ஸ்ரீரங்கன் வருவார். வந்தா என்ன? அவர் வெறும் அசிஸ்டெண்ட். ஊரே கும்பிடற சர்ஜன் உள்ளேயே இருக்கார்..."

"அவர் கத்தியைத் தொட்டு ரெண்டு வருஷம் ஆச்சு."

"ஏன்?"

"கை நடுங்குது, டாக்டர். டம்ளர் பிடிக்கலாம், பேனா பிடிக்கலாம், அதுவே கஷ்டம். தியேட்டர் கதவு சாத்தினதும் கத்தியை எடுக்கிறது ஸ்ரீரங்கன் டாக்டர். இவர் பக்கத்துல நிப்பார். முடிஞ்சதும் வெளியில வந்து சொந்தக்காரங்ககிட்டப் பேசுறது மட்டும் இவர். ஸ்ரீரங்கன் டாக்டர், மயக்க மருந்து டாக்டர், நான், எங்க மூணு பேர்கிட்ட சத்தியம் வாங்கியிருக்கார். இன்னிக்கு எண் ஐம்பதுக்குக் கீழ போயிருந்தா, அவரே எடுத்தாகணும். எல்லாருக்கும் தெரிஞ்சு போயிடும்."

ரெண்டு வருஷம். மெஷின் பம்பாயிலிருந்து லாரியில் வந்து இறங்கியதும் ரெண்டு வருஷத்துக்கு முன்புதான். அவள் எண்ணை இந்த ஊரில் ஒருவர் நம்பினார் என்று நினைத்திருந்தாள். நம்பவில்லை. கத்தியை எடுக்காமலிருக்க அவருக்கு ஒரு காரணம் வேண்டியிருந்தது. அதை இரண்டு மணிக்கொரு தரம் மாடியேறிப் போய்க் கொடுக்க ஒருத்தி வேண்டியிருந்தது.

ஜலஜாவுக்குக் கேட்கப் பயமாக இருந்தது. ஆனாலும் கேட்டாள்.

"ஸ்ரீரங்கன் இதுக்கு முன்னாடியும் லீவுல போயிருக்கார், சரோ."

"ஆமா."

"அப்போல்லாம்?"

சரோஜாதேவி வராந்தாவுக்கு வெளியே பார்த்தாள். வேனில் மிச்சமிருந்த சேலைகளைத் தனபாலன் ஒவ்வொன்றாக மடித்துக்கொண்டிருந்தான்.

"நாலு பேர்," என்றாள். "நாலு பேருக்கும் எழுபதுக்கு மேலன்னு நோட்டுல எழுதினீங்க. உடம்புக்கு எடுத்துக்கத் தெம்பு இல்லாம செத்துட்டாங்கன்னு நினைச்சீங்க. அதெல்லாம் என் ரத்தம், டாக்டர்."